நான் கழுவிக் காயப்போட்ட நைட்டி

கொடியில் கிடந்த நைட்டியிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அதன் கீழே ரோஷினி நின்றாள். ஆறு வயது. எங்கள் வீட்டுக்கு அவள் வந்து இரண்டாவது நாள் காலை.

எங்கள் கொட்டாஞ்சேனை வீட்டில் முற்றம் கிடையாது. சமைக்கிற குசினிக்குப் பின்னால் ஒரு சந்து இருக்கிறது. மூன்று பேர் நிற்கலாம், நான்காவது ஆள் சுவரோடு ஒட்ட வேண்டும். பைப்பும் அங்கேதான், கொடியும் அங்கேதான். மழை விட்டு விட்டுப் பெய்த மாதம் அது. எதுவும் காயவில்லை.

அவள் நைட்டியின் கீழ்க்கரையை இரண்டு கைகளாலும் பிடித்து மூக்கில் வைத்தாள். மூச்சை இழுத்தாள். பிறகு மறுபக்கம் சுற்றிப் போய் அங்கேயும் முகர்ந்தாள். கடைசியில் எட்டி, கைப்பகுதியைப் பிடித்து இழுத்து, அதற்குள் முகத்தையே நுழைத்தாள். தலை நனைந்து வெளியே வந்தாள்.

நான் துவைத்த கையோடு பெருமையாகச் சொன்னேன்.

"நல்லாக் கழுவியிருக்கு, என்ன? இப்பதான் நல்ல மணம்."

அவள் என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் பரவாயில்லை. கோபம் இல்லை. ஏதோ ஒன்றைத் தொலைத்தவள், இனித் தேடி வேலையில்லை என்று முடிவுசெய்தது போலப் பார்த்தாள். பிறகு உள்ளே போய் அலமாரிக்கும் சுவருக்கும் இடையில் உட்கார்ந்தாள். அன்று முழுவதும் சாப்பிடவில்லை.

ஒரு வாசகியின் கேள்வி

நான் பத்திரிகையில் எழுதிவருகிற இந்தத் தொடரைப் படித்துவிட்டு வெள்ளவத்தையிலிருந்து ஒரு அம்மா கடிதம் போட்டிருந்தார். "வளர்ப்புப் பிள்ளைகளைப் பற்றி இவ்வளவு எழுதுகிறீர்கள். நீங்கள் ஒருநாளும் பிழை விட்டதில்லையா?" என்று கேட்டிருந்தார்.

கடிதத்தை மடித்து வைத்துவிட்டு இரண்டு நாள் யோசித்தேன். பிழை விட்டிருக்கிறேன். எதைச் சொல்வது என்பதுதான் குழப்பம். கடைசியில் இதைச் சொல்லலாம் என்று பட்டது.

ரோஷினி என்பது நான் வைத்த பெயர். அந்தப் பெயரை வைத்தும் யாராவது பிள்ளையைக் கண்டுபிடித்துவிடுவார்களோ என்று மூன்று தரம் மாற்றி எழுதினேன். "முதல்ல வச்ச பேரே நல்லாயிருந்திச்சு. பேப்பர்தான் வீணாகுது" என்றார் என் வீட்டுக்காரர் பெனடிக்ட்.

தகுதியான ஆள்

நான் இயல்பிலேயே பதறுகிறவள். பஸ்ஸில் ஏறிய பிறகு கேஸை மூடினேனா என்று இறங்கி ஓடி வந்திருக்கிறேன். பெனடிக்ட் நேர்மாறு. துறைமுகத்தில் முப்பது வருஷம் பாரந்தூக்கி ஓட்டியவர். தலைக்கு மேலே கொள்கலன் தொங்கினாலும் நிதானமாக வெற்றிலை போடுவார்.

எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. அவர் ஓய்வு பெற்றபின்தான் பிள்ளைகளைப் பொறுப்பெடுக்க ஆரம்பித்தோம். கோர்ட் தருகிற தாளில் எங்களைப் போன்றவர்களுக்கு ஒரு பெயர் இருக்கிறது. ஃபிட் பெர்சன். தகுதியான ஆள் என்று அர்த்தமாம். அது என் பெயருக்குப் பக்கத்தில் இருந்ததைப் பார்த்து, தாள் ஆள் மாறி வந்துவிட்டதோ என்று முகவரியைத் திரும்பத் திரும்ப வாசித்தேன்.

விண்ணப்பப் படிவத்தில் படிப்பு என்று ஒரு கட்டம் இருந்தது. எட்டு என்று எழுதினேன். எழுதிவிட்டு, "எட்டாம் வகுப்புக்காரிக்கு யார் பிள்ளை தருவாங்க?" என்று கேட்டேன்.

"நீ என்ன, பிள்ளைக்கு இங்கிலீஷிலயா சோறு தீத்தப் போற?" என்றார் பெனடிக்ட்.

தந்தார்கள். ரோஷினிக்கு முன்னால் மூன்று பிள்ளைகள் வந்து போயிருந்தார்கள். அவர்களுக்கெல்லாம் என் வீட்டில் ஒரு முறை இருந்தது. வந்த அன்றே பிள்ளையைக் குளிப்பாட்டி, கொண்டுவந்த துணி எல்லாவற்றையும் பெரிய பேசினில் போட்டு, டெட்டோல் ஊற்றி ஊறவைத்துவிடுவேன். பேன், சொறி, எது இருந்தாலும் போய்விடும். அந்த மூன்று பேரும் ஒன்றும் சொல்லவில்லை. அல்லது சொன்னது எனக்கு விளங்கவில்லை. இப்போது அதை நினைத்தாலும் பயமாக இருக்கிறது.

ரோஷினியின் அம்மா கிராண்ட்பாஸில் மிளகாய், மல்லி அரைக்கிற மில் ஒன்றில் வேலை செய்தவர். கூட இருந்த மனிதன் அடிக்கிறவன். அவன் இப்போது ரிமாண்டில். ஒருநாள் அந்த அம்மா இனி ஏலாது என்று எதையோ குடித்துவிட்டார். அக்கம்பக்கத்தார் கதவை உடைத்தபோது ஒருநாள் கடந்திருந்ததாம். பிள்ளை அம்மாவின் நைட்டியை உடம்பில் சுற்றிக்கொண்டு அம்மாவுக்குப் பக்கத்திலேயே படுத்திருந்தாளாம்.

அம்மா பிழைத்தார். உடம்பும் மனமும் தேற மாதக்கணக்காகும் என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். அதுவரைக்கும் பிள்ளை எங்களிடம்.

நைட்டியோடுதான் வந்தாள். கையிலிருந்து விடவே இல்லை. மத்தியானம் அசந்து தூங்கிப்போனாள். அப்போதுதான் நான் அதை மெல்ல, விரல் விரலாக விலக்கி உருவி எடுத்தேன். பேசினில் போட்டதும் தண்ணீர் செம்மஞ்சளாக மாறியது. எவ்வளவு அழுக்கு என்று நினைத்துக்கொண்டேன். இன்னும் ஒரு மூடி டெட்டோல் ஊற்றினேன். விடியத்தான் அலசிக் கொடியில் போட்டேன்.

கருவாட்டு மூட்டைக்காரன் மகள்

நான் ஏன் இப்படித் துவைக்கிறவள் ஆனேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும். நியாயப்படுத்த இல்லை. சொன்னால்தான் மற்றது விளங்கும்.

என் அப்பா புறக்கோட்டையில் ஒரு கருவாட்டுக் கடையில் மூட்டை இறக்கினார். நாங்கள் ஒற்றை அறையில் இருந்தோம். ஒரே கயிறுதான். அதில் அப்பாவின் சாரம் தொங்கும், அதன்மேல் என் பள்ளிக்கூட வெள்ளைச் சட்டை தொங்கும்.

வகுப்பில் பக்கத்துப் பிள்ளை கைலேஞ்சியை மூக்கில் வைத்துக்கொண்டு கணக்குப் போடுவாள். டீச்சர் நல்லவர். என்னைக் கூப்பிட்டு, "நீ ஜன்னல் பக்கம் இரு மகள், காத்து வரும்" என்றார். காற்று எனக்காக இல்லை என்று எனக்குத் தெரிந்தது.

ஒருநாள் பாதி வழியில் திரும்பி வந்துவிட்டேன். வயிற்றுவலி என்றேன். அந்த வயிற்றுவலி மாறவே இல்லை. எட்டாம் வகுப்பு அப்படித்தான் முடிந்தது. அப்பாவுக்குக் காரணம் கடைசிவரை தெரியாது. மகளுக்குப் படிப்பு ஓடவில்லை என்று நினைத்துக்கொண்டே போய்ச் சேர்ந்தார்.

அவர் செத்த கிழமையே அம்மாவும் நானும் அவருடைய உடுப்பு முழுவதையும் சவர்க்காரம் போட்டுத் துவைத்து, மடித்து, கோயிலுக்குக் கொடுத்துவிட்டோம். அறையில் கருவாட்டு மணம் போய்விட்டது. எனக்கு நிம்மதியாக இருந்தது. அதை எழுதக் கூச்சமாக இருக்கிறது. ஆனாலும் நிம்மதியாகத்தான் இருந்தது.

"இதுல அம்மா இல்ல"

ரோஷினிக்கு வருவோம்.

கொடியடியில் நின்ற அன்று பிட்டு வைத்தேன். தொடவில்லை. நூடுல்ஸ் செய்தேன். தொடவில்லை. பெனடிக்ட் போய் மீன் கறி வைத்த மாலுபான் இரண்டு வாங்கி வந்து, அவள் உட்கார்ந்திருந்த அலமாரி ஓரத்தில் வைத்துவிட்டு, தானும் தரையில் உட்கார்ந்து ஒன்றைச் சாப்பிட்டுக் காட்டினார். அவர் தன்னுடையதையும் முடித்து அவளுடையதையும் முடித்ததுதான் மிச்சம். அவள் தேத்தண்ணி மட்டும் குடித்தாள்.

பின்னேரம் நன்னடத்தை அலுவலகத்திலிருந்து நிஷாந்தி மிஸ் போன் எடுத்தார். எங்கள் பகுதிப் பிள்ளைகளுக்குப் பொறுப்பான அதிகாரி அவர்தான்.

"பிள்ளை எப்பிடி அக்கா? சாப்பிடுறாவா?"

"பழகுறா மிஸ்."

"பழகுறான்னா?"

"தேத்தண்ணி குடிக்கிறா."

"வெள்ளிக்கிழம நான் வாறன். அப்பவும் சாப்பிடாட்டி டொக்டரிட்டக் காட்டிட்டு, ஹோம் ஒண்டுக்கு மாத்த வேண்டி வரும். இப்ப இடமிருக்கிறது தூரத்தில. அவட அம்மாவுக்கு எழும்பி நடக்க ஏலுமானாலும் அங்க போய்ப் பாக்கிறது கஷ்டம். அதுதான் சொல்றன்."

நைட்டியைப் பற்றி நான் வாயே திறக்கவில்லை. அது காரணம் என்று அப்போது நிச்சயமாகத் தெரியாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உண்மை என்னவென்றால், கொடியடியில் அவள் பார்த்த பார்வையிலேயே எனக்குப் பாதி தெரிந்துவிட்டது. சொன்னால் நான் தகுதியில்லாத ஆள் ஆகிவிடுவேன். அதுதான் பயம்.

அடுத்த நாள் வியாழன். காலையில் நைட்டி ஒருமாதிரிக் காய்ந்திருந்தது. மடித்து அவள் மடியில் வைத்தேன். அவள் அதைத் தரையில் வைத்தாள். எறியவில்லை, வைத்தாள். வந்து மூன்றாவது நாள், அப்போதுதான் முதல்முறையாகக் கதைத்தாள்.

"இதுல அம்மா இல்ல."

பெனடிக்ட் குசினி வாசலில் நின்றார். என்னைப் பார்த்தார். செருப்பைப் போட்டுக்கொண்டு, நைட்டியைப் பையில் வைத்துக்கொண்டு புறப்பட்டேன்.

"எங்க?"

"கிராண்ட்பாஸுக்கு. பிள்ளையைப் பாத்துக்கொள்ளுங்க. கேஸ் மூடித்தான் இருக்கு, எதுக்கும் ஒருக்காப் பாருங்க."

மில்லில்

அந்த மில்லைக் கண்டுபிடிப்பது கஷ்டமில்லை. இரண்டு கடைக்கு முன்பே கண் எரியத் தொடங்கியது. முதலாளி ஒரு முஸ்லிம் நானா, பெரிய உடம்பு. புருவத்தில் கூட மிளகாய்த்தூள் படிந்திருந்தது. யார் என்று சொன்னேன்.

"அல்லாஹ்வே. அந்தப் புள்ளய வெச்சிரிக்கிறது நீங்களா? எப்பிடி இரிக்குது?"

"சாப்பிடுதில்ல."

நடந்ததை அவசரம் அவசரமாகச் சொல்லி, நைட்டியை வெளியே எடுத்தேன். வழியெல்லாம் யோசித்து வைத்திருந்த திட்டத்தைச் சொன்னேன். மிளகாய் வறுக்கிற தாச்சிக்கு மேலே ஒரு இரண்டு மணித்தியாலம் இதைத் தொங்கவிட்டால் பழைய மணம் ஏறிவிடும்தானே?

அவர் நைட்டியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"சாமான் வறுக்கிற எடத்துல நைட்டியத் தொங்கவிட்டா வாற கஸ்டமர் என்ன நெனப்பாங்க?"

வேலை செய்த பெண்கள் சிரித்துவிட்டார்கள். எனக்கு அழுகை வந்தது. மிளகாய் என்று சமாளித்தேன். நானாவின் குரல் இறங்கியது.

"அப்பிடித் தொங்கவிட்டா மில் மணம்தான் வரும். மில் மணம் எங்க எல்லார்க்கிட்டயும் இரிக்கி. அவட மணம் வேறதானே?"

அவர் திரும்பி, சுவரில் வரிசையாக அடித்திருந்த ஆணிகளைக் காட்டினார். வேலை செய்கிற பெண்கள் தலையில் கட்டுகிற துவாய்களை அதில்தான் கொழுவுவார்களாம். ஓரத்து ஆணியில் ஒரு பச்சைத் துவாய் கிடந்தது.

"அது அவடதான். திரும்பி வருவாதானேன்னு நாங்க கை வெக்கல்ல. எடுத்துட்டுப் போங்க. அவ வந்தா நான் புதுசு ஒண்டு குடுக்கிறன்."

எடுத்தேன். வியர்வையில் காய்ந்து விறைத்திருந்தது. தேங்காய் எண்ணெய், மிளகாய், மல்லி, தலை. ஒரு நீண்ட முடி அதில் சிக்கியிருந்தது. என் கை தானாகவே பைப் எங்கே என்று தேடியது. அவ்வளவு பழக்கம்.

நானா ஒரு பொலித்தீன் பை தந்தார். துவாயை அதில் போட்டு முடிச்சுப் போட்டேன். பஸ்ஸில் அந்த முடிச்சைப் பிடித்த கையை எடுக்கவில்லை. மணம் வெளியே போய் முடிந்துவிடுமோ என்று பயம். கொண்டக்டர் என்னைத் தாண்டும்போது தும்மிவிட்டு, அது என்ன மணம் என்று சிங்களத்தில் கேட்டார்.

"மிரிஸ்" என்றேன்.

"கொஞ்ச மிளகாயா, இல்ல முழு மில்லையுமா கொண்டு போறீங்க?" என்பது மாதிரி ஏதோ சொன்னார். பஸ்ஸே சிரித்தது. சின்ன வயதில் என்றால் அடுத்த ஹோல்டில் இறங்கியிருப்பேன். அன்று இறங்கவில்லை.

தும்மல்

வீட்டுக்கு வந்ததும் அவள் முன்னால் தரையில் உட்கார்ந்தேன். பையைக் கொடுத்துவிட்டுச் சும்மா இருந்திருக்கலாம். அவளுக்கு ஆறு வயதுதானே, கேட்கப்போகிறாளா? ஆனால் விரல் விரலாக விலக்கி எடுத்தது எனக்குத் தெரியும்.

"மகள், நீ நித்திரையா இருக்கேக்க அம்மாட நைட்டியை எடுத்தது நான். உன்னட்டக் கேக்காமக் கழுவிட்டன். அதில அம்மாட மணம் இருந்தது எனக்கு விளங்கேல்ல. பிழை என்னில."

நான் முடிச்சை அவிழ்த்தேன்.

துவாயை வாங்கி முகத்தில் வைத்தாள். அப்படியே இருந்தாள். பிறகு தும்மினாள். ஒன்று, இரண்டு, மூன்று.

"யாரப்பா அது, கப்பல் ஹோர்ன் மாதிரி?" என்றார் உள்ளேயிருந்து பெனடிக்ட்.

"அம்மா வேல விட்டு வந்தா நான் இப்பிடித்தான் தும்முவன்" என்றாள் ரோஷினி. "அம்மா சிரிப்பா."

அதற்குப் பிறகுதான் அழுதாள். வந்து மூன்று நாளில் அதுதான் முதல் அழுகை. துவாயை விடாமல் அழுதாள். நான் தொடலாமா கூடாதா என்று தெரியாமல் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். கொஞ்ச நேரத்தில் அவளே நகர்ந்து என்னில் சாய்ந்தாள்.

"இதையும் கழுவுவீங்களா?"

"இல்ல. நீ சொன்னாத்தான் கழுவுவன்."

"சொல்ல மாட்டன்."

"சரி."

பிறகு, "பாண் இருக்கா?" என்று கேட்டாள். இருந்தது. ஒரு துண்டு சாப்பிட்டாள். ஒரு துண்டுதான். பெரிதாக நினைத்துவிடாதீர்கள். ஒழுங்காகச் சோறு சாப்பிட இன்னும் இரண்டு கிழமை போனது.

இரண்டு வரி

வெள்ளிக்கிழமை நிஷாந்தி மிஸ் வந்தார். தேத்தண்ணி கொடுக்கும் முன்பே எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். தூக்கத்தில் உருவி எடுத்தது, டெட்டோல், போனில் மறைத்தது எல்லாம். அவர் ஃபைலைத் திறந்து எழுதினார்.

"இதையும் எழுதுறீங்களா மிஸ்?"

"எழுதத்தானே வேணும் அக்கா."

இரண்டு வரிதான் எழுதினார். எனக்கு அது இரண்டு பக்கம் போல இருந்தது. எழுதி முடிந்ததும் தானே வாசித்துக் காட்டினார். பிள்ளையின் பொருளைத் தெரியாமல் கழுவிவிட்டதாகப் பொறுப்பாளர் தானாகவே சொன்னார். பிள்ளையிடமும் சொல்லியிருக்கிறார்.

"அவ்வளவுதானா?"

"வேற என்ன எழுத? எங்களுக்கு வாற ஃபைல்கள்ல பிழை விட்ட ஆக்கள் நிறைய இருக்கினம். பிள்ளையிட்டச் சொன்ன ஆக்கள் குறைவு." பிறகு அலமாரிப் பக்கம் பார்த்தார். ரோஷினி துவாயைத் தலையில் கட்டிக்கொண்டு மாலுபானின் உள்ளீட்டை மட்டும் தோண்டிச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். "இங்கயே இருக்கட்டும்" என்றார்.

போன காலை

ரோஷினி எங்களோடு இருந்தது ஏழு மாதம் போல. அம்மா தேறினார். அவருடைய தங்கையோடு இருக்க ஒரு இடம் சரிவந்தது. கோர்ட் தாளும் வந்தது. துவாயின் மணம் எப்போதோ போய்விட்டிருந்தது. அதைக் கழுவச் சொல்லி ரோஷினியே ஒருநாள் தந்தாள். "இனி அம்மாவே வருவாதானே?" என்றாள்.

கூட்டிப் போக அம்மா வந்த காலை, நான் அவளுடைய உடுப்பெல்லாம் துவைத்து, அயன் பண்ணி, பையில் அடுக்கி, ஒன்றும் விடுபடவில்லையே என்று நான்கு தரம் எடுத்து அடுக்கினேன். வாசலில் அந்த அம்மா மெலிந்துபோய் நின்றார். பெனடிக்ட் கதிரை போட்டும் உட்காரவில்லை.

ரோஷினி என் ஹவுஸ்கோட்டைப் பிடித்து இழுத்தாள். நான் உடுத்தியிருந்தது, காலையிலிருந்து குசினியில் நின்றது.

"அன்ரி, இதத் தாங்க."

"இதா? இது பழசு மகள். பொறு, கழுவினது ஒண்டு உள்ள இருக்கு."

"வேணாம். இது. கழுவாமத் தாங்க."

எனக்குச் சட்டென்று வகுப்பில் அந்த ஜன்னலோரக் கதிரை ஞாபகம் வந்தது. கையைத் தூக்கி என் தோளை நானே முகர்ந்து பார்த்தேன். எனக்கு ஒன்றும் தெரியவில்லை.

"இதில என்ன மணம்?" என்று கேட்டேன். கேட்கப் பயமாகத்தான் இருந்தது.

அவள் யோசிக்கவே இல்லை.

"டெட்டோல்" என்றாள்.

பெனடிக்ட் சிரித்த சிரிப்பில் பக்கத்து வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். அந்த அம்மாவும் சிரித்தார். அவர் சிரித்ததை நான் அன்றுதான் பார்த்தேன்.

உள்ளே போய் வேறு உடுத்திக்கொண்டு, ஹவுஸ்கோட்டை மடித்துப் பொலித்தீன் பையில் வைத்து, காற்றுப் போகாமல் முடிச்சுப் போட்டேன். வாசல்வரை வந்தவள் திரும்பிப் போய், அதை இன்னொரு பைக்குள்ளும் வைத்து இறுக்கிக் கட்டிக்கொண்டு வந்தேன்.